மிமி தெர்பா: அந்தப் பணக்காரப் பாட்டி முப்பது வருடம் முன்பு என்ன செய்தார்

"'உஸ்தேதெஸ் லோஸ் ரிக்கோஸ்' என்ற பழைய மெக்சிகோ படத்தில் பணக்காரப் பாட்டியாக வரும் மிமி தெர்பாதான் அந்த நாட்டின் முதல் பெண் இயக்குநர் என்கிறார்களே, எழுத்தாளர் என்றும் சொல்கிறார்கள், ஆனால் அவர் இயக்கிய படம் எங்கே தேடினாலும் கிடைக்கவில்லை. இது உண்மையா? அவரை எந்தப் படத்தில் தொடங்கிப் பார்க்கலாம்?" என்று கேட்டிருக்கிறீர்கள்.

உண்மைதான். 1917இல் வந்த 'லா திக்ரெசா', அதாவது 'பெண்புலி', என்ற மௌனப்படத்தை இயக்கியவர் என்று அவர் பெயர்தான் சொல்லப்படுகிறது. தேடியும் கிடைக்காததற்குக் காரணம், அந்தப் படம் இன்று இல்லை, எங்கும் பிரதி இருப்பதாகத் தெரியவில்லை. ஆனால் 'முதல் பெண் இயக்குநர்' என்ற பட்டத்தோடு அவர் கதையை முடித்துவிடுவது எனக்குப் பிடிக்காத விஷயம். அந்தப் பட்டம் ஒரு படத்தை வைத்து வந்தது, அதையும் நாம் பார்க்க முடியாது. இருபத்து மூன்று வயதில் ஒரு படக்கம்பெனியைக் கூட்டாகத் தொடங்கி, அதற்குக் கதை எழுதி, தானே நடித்து, ஒரே வருடத்தில் ஐந்து முழுநீளப் படங்களை வெளியே கொண்டுவந்தார் என்பது அதைவிடப் பெரிய விஷயம். அதைத்தான் கொஞ்சம் விரிவாகச் சொல்ல ஆசைப்படுகிறேன்.

இயற்பெயர் மரியா எர்மினியா பெரெஸ் தெ லெயோன். 1893 அக்டோபர் 9இல் மெக்சிகோ நகரத்தில் பிறந்தார். 'மிமி தெர்பா' என்பது மேடைக்காக வைத்துக்கொண்ட பெயர். போர்ஃபிரியோ தியாஸ் என்ற சர்வாதிகாரியின் நீண்ட ஆட்சியில் வளர்ந்து, 1910இல் புரட்சி வெடித்து 1911இல் தியாஸ் நாட்டை விட்டே போன பிறகு, அந்தக் கொந்தளிப்பான வருடங்களில் மேடைக்கு வந்தவர். நடிக்க வந்தது சார்சுவேலாவில். இது ஸ்பெயினிலிருந்து வந்த இசை நாடகம், பாதி வசனம், பாதி பாட்டு. அதில் பெண் குரலில் முதன்மை வேடம் பாடுகிறவரை 'திப்லே' என்பார்கள். நம் மிமி ஒரு திப்லே, நல்ல குரல், அதோடு பெயர் பெற்ற அழகு.

இந்த நாடகங்கள் நடந்த முறையைத் தெரிந்துகொண்டால்தான் அவருடைய உழைப்பு புரியும். அதற்குத் 'தாந்தா' முறை என்று பெயர். ஒரு சாயங்காலத்தை மணிக்கணக்காகப் பிரித்து, ஒரு மணி நேரத்துக்கு ஒரு சின்ன நாடகம், அதற்குத் தனி டிக்கெட். ஆபீஸ் முடிந்து வருகிறவன் ஒரு தாந்தா பார்த்துவிட்டுப் போய்விடலாம், வசதி உள்ளவர் இரவு வரை உட்கார்ந்திருக்கலாம். பார்க்கிறவருக்கு நல்ல வசதி, ஆனால் மேடையில் இருப்பவருக்கு ஒரே ராத்திரியில் மூன்று நான்கு வேடம், மூன்று நான்கு உடை, அத்தனை பாட்டு. புதுச் சரக்கு வந்துகொண்டே இருக்க வேண்டும், இல்லையென்றால் கூட்டம் அடுத்த கொட்டகைக்குப் போய்விடும். மேடையிலேயே அன்றைய அரசியலைக் கிண்டல் செய்யும் 'ரெவிஸ்தா' நாடகங்களும் உண்டு. காலையில் பத்திரிகையில் வந்தது சாயங்காலம் பாட்டாக வரும். எந்தப் படை நகரத்தைப் பிடித்திருக்கிறதோ அந்தப் படையின் ஜெனரல்கள் முன்வரிசையில் உட்கார்ந்திருப்பார்கள்.

ஆமாம், படைகள் மாறி மாறி நகரத்தைப் பிடித்துக்கொண்டிருந்த காலம் அது. 1913 பிப்ரவரியில் பத்து நாள் நகரத்தின் நடுவிலேயே பீரங்கிச் சண்டை நடந்து, அதன் முடிவில் அதிபர் மதேரோ கொல்லப்பட்டார். 1914, 1915இல் ஒரு கட்சி வரும், ஒரு கட்சி போகும், வருகிறவர்கள் எல்லாம் தங்கள் சொந்த நோட்டு அடிப்பார்கள். நேற்று சம்பளமாக வாங்கிய பணம் இன்று வெறும் காகிதம். 1915இல் நகரத்தில் பஞ்சம். இத்தனைக்கும் நடுவில் கொட்டகைகள் நடந்தன, மிமி தெர்பா, மரியா கொனேசா, எஸ்பெரான்சா இரிஸ் போன்றவர்கள் பாடிக்கொண்டிருந்தார்கள்.

இன்னொன்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். மெக்சிகோ நாடக உலகில் பெண் முதலாளி புதிதல்ல. விர்ஹினியா ஃபாப்ரெகாஸ் என்ற நடிகை ஒரு நாடக அரங்கையே விலைக்கு வாங்கித் தன் பெயரை வைத்தவர். எஸ்பெரான்சா இரிஸ் 1918 மே மாதம் தன் பெயரில் ஒரு பெரிய அரங்கைத் திறந்தார், அந்தக் கட்டடம் இன்றும் மெக்சிகோ நகரத்தில் நிற்கிறது. நடிகைகள் குழு நடத்துவது, கணக்குப் பார்ப்பது, ஊர் ஊராகக் கூட்டிக்கொண்டு போவது எல்லாம் அங்கே நடைமுறையில் இருந்தது. அதனால் மிமி கம்பெனி தொடங்கியது எங்கிருந்தோ வந்த துணிச்சல் இல்லை, மேடையில் பார்த்துப் பழகிய வேலையைச் சினிமாவுக்குக் கொண்டுபோனார். சினிமாவில்தான் அதுவரை அங்கே யாரும் அப்படிச் செய்திருக்கவில்லை.

சரி, 1917க்கு வருவோம். அப்போது என்ரிக்கே ரோசாஸ் என்று ஒரு ஒளிப்பதிவாளர் இருந்தார். 1906இல் தியாஸ் நாட்டின் தென்கிழக்கிலுள்ள யுகதான் மாநிலத்துக்குப் போன பயணத்தையே படம் பிடித்த பழைய ஆள், புரட்சியையும் படம் பிடித்தவர். அதுவரை மெக்சிகோ சினிமா என்றால் பெரும்பாலும் இப்படிப்பட்ட செய்திப்படங்கள்தான், கதைப்படம் அபூர்வம். கொட்டகைகளில் ஓடிய கதைப்படங்கள் இத்தாலியிலிருந்தும் பிரான்சிலிருந்தும் அமெரிக்காவிலிருந்தும் வந்தவை. அமெரிக்கப் படங்களில் மெக்சிகோக்காரன் என்றால் கொள்ளைக்காரன், குதிரைத் திருடன், முதுகில் குத்துகிறவன். இது அங்குள்ளவர்களுக்கு எவ்வளவு வலித்தது என்றால், 1922இல் அரசாங்கமே அப்படிப்பட்ட படம் எடுக்கும் கம்பெனிகளின் படங்களைத் தடை செய்யும் அளவுக்குப் போனது. "நம்மை நாமே படம் எடுத்துக் காட்ட வேண்டும்" என்ற பேச்சு எங்கும் இருந்த நேரத்தில், ரோசாஸும் மிமியும் கூட்டாக ஒரு கம்பெனி தொடங்கினார்கள். பதிவுப் பெயரில் ரோசாஸ், தெர்பா என்று இருவர் பெயரும் இருந்தது, வெளியே தெரிந்த பெயர் 'அஸ்தேகா ஃபில்ம்ஸ்'.

நடிகையின் பெயரை விளம்பரத்தில் போடுவது எல்லோரும் செய்வது. கூட்டாளியாகக் கம்பெனிப் பெயரிலேயே போடுவது வேறு. 1884ஆம் ஆண்டுச் சிவில் சட்டப்படி அங்கே கல்யாணமான பெண் கணவனின் அனுமதி இல்லாமல் ஒப்பந்தம் போட முடியாது. 1917 ஏப்ரலில் வந்த குடும்ப உறவுச் சட்டம்தான் அந்தப் பெண்களுக்குத் தங்கள் சொத்தைத் தாங்களே நிர்வகிக்கவும் ஒப்பந்தம் செய்யவும் வழி விட்டது. அதே வருடம், அதே நகரத்தில், ஒரு பாட்டுக்காரி முதலாளியாகிறார். சட்டத்தால்தான் அவர் முதலாளியானார் என்று நான் சொல்லவில்லை. ஆனால் காற்று எந்தப் பக்கம் அடித்தது என்று அதில் தெரிகிறது.

பணம் எங்கிருந்து வந்தது என்ற கேள்விக்கு எல்லோரும் சொல்லும் பெயர் ஜெனரல் பாப்லோ கொன்சாலெஸ். அப்போது அதிபராக இருந்த கர்ரான்சா பக்கத்துப் பெரிய தளபதி. பிற்பாடு 1919இல் விவசாயிகளின் புரட்சித் தலைவர் சப்பாத்தாவைச் சூழ்ச்சியால் கொன்ற திட்டத்தின் பின்னால் இருந்தவரும் இவர்தான். கம்பெனிக்குப் பின்னால் அவர் பணம் இருந்தது என்று பரவலாக எழுதியிருக்கிறார்கள், அவருக்கும் மிமிக்கும் உறவு என்ற கிசுகிசுவும் அன்றே உண்டு. இதைப் பற்றி ஒன்று சொல்கிறேன். மிமியைப் பற்றிய பேச்சு ஆரம்பித்தாலே பலர் முதலில் இந்தக் கிசுகிசுவைத்தான் எடுக்கிறார்கள். ரோசாஸ் கொன்சாலெஸுக்காகப் படம் பிடித்தவர், ஆனால் ரோசாஸைப் பற்றிப் பேசும்போது யாரும் அங்கிருந்து தொடங்குவதில்லை. புரட்சிக் காலத்தில் அந்த நகரத்தில் ஜெனரல்களின் கை படாத பணம் எவ்வளவு இருந்திருக்கும்? யார் கொடுத்தார்கள் என்பதைவிட, கிடைத்த பணத்தில் அவர் என்ன செய்தார் என்று பார்ப்பதுதான் நியாயம்.

செய்தது இது. 1917இல் மட்டும் ஐந்து படங்கள்: 'என் தெஃபென்சா ப்ரோப்பியா', 'அல்மா தெ சக்ரிஃபீசியோ', 'லா சொன்யாதோரா', 'என் லா சோம்ப்ரா', 'லா திக்ரெசா'. தமிழில் 'தற்காப்புக்காக', 'தியாக உள்ளம்', 'கனவு காண்பவள்', 'நிழலில்', 'பெண்புலி' என்று வைத்துக்கொள்ளலாம். மிமி நடித்தார், கதை எழுதினார். ஹோவாக்கின் கோஸ், எதுவார்தோ அரோசமேனா போன்ற நாடக நடிகர்கள் இயக்கத்தில் பங்கெடுத்தார்கள், கேமரா ரோசாஸ்.

முதல் படமான 'தற்காப்புக்காக' மிமியே எழுதிய கதை. ஆதரவில்லாத ஒரு பெண் மனைவியை இழந்த பணக்காரர் வீட்டில் குழந்தையைப் பார்த்துக்கொள்ள வருகிறாள், பிறகு அவரையே மணக்கிறாள். கொஞ்ச காலத்தில் ஐரோப்பாவிலிருந்து கணவனின் உறவுக்காரப் பெண் ஒருத்தி வந்து இறங்கி அவனை மயக்கப் பார்க்கிறாள், மனைவி தன் வீட்டைக் காப்பாற்றிக்கொள்ளப் போராடுகிறாள். படிக்கும்போது சாதாரணக் குடும்பக் கதைதான். ஆனால் அந்த வருடத்தை மனதில் வைத்துக்கொண்டு பாருங்கள். மெக்சிகோக் கொட்டகைகளை அப்போது ஆட்டிப் படைத்தது இத்தாலியப் படங்களின் மோகினி நாயகிகள். ஃபிரான்செஸ்கா பெர்த்தினி, பினா மெனிக்கெல்லி, லிதா போரெல்லி. திரைச்சீலையைப் பிடித்துக்கொண்டு துவள்வது, கண்ணாலேயே ஆணை அழிப்பது, இதெல்லாம் ஊர்ப் பெண்கள் கண்ணாடி முன் நின்று பழகிப் பார்க்கும் அளவுக்குப் பிரபலம். அதே 1917இல் வந்த 'லா லூஸ்' என்ற மெக்சிகோ படம் மெனிக்கெல்லியின் படத்தை அப்படியே பின்பற்றியது. மிமியின் படங்களிலும் அந்த இத்தாலிய நிழல் இருந்தது. ஆனால் கதையில் பாருங்கள், ஐரோப்பாவிலிருந்து வரும் மோகினிதான் வில்லி, வீட்டைப் பிடித்துக்கொண்டு நிற்கும் சாதாரணப் பெண்தான் நாயகி. இது என் ஊகம்தான், இருந்தாலும் எனக்கு இது தற்செயலாகத் தோன்றவில்லை. எல்லோரும் எந்த வேடத்தைக் காப்பி அடித்தார்களோ, அந்த வேடத்தைத் தன் கதையில் எதிர்ப்பக்கம் நிறுத்தியிருக்கிறார்.

'பெண்புலி' விஷயம் இன்னும் சுவையானது. கதை தெரேசா ஃபாரியாஸ் தெ இசாசி என்ற பெண் எழுத்தாளருடையது, நாயகி சாரா உத்தோஃப், இயக்கம் மிமி. 1917இல் கதை, நாயகி, இயக்கம் மூன்றும் பெண்கள். படம் கையில் இல்லாததால் எந்தக் காட்சியை யார் எப்படி எடுத்தார்கள் என்று இன்று யாராலும் நிரூபிக்க முடியாது. தவிர, அந்தக் காலத்தில் இயக்குநர் என்பது இன்றைக்கு மாதிரித் தனித் தொழில் இல்லை. கேமராவுக்குப் பின்னால் நின்றவரும் நடிகர்களுக்குச் சொல்லிக் கொடுத்தவரும் பணம் போட்டவரும் சேர்ந்து முடிவெடுப்பார்கள். அதனால்தான் 'முதல் பெண் இயக்குநர்' பட்டத்தை நான் கொஞ்சம் மெதுவாகப் பிடிக்கிறேன். ஒரு கேள்வி வந்தால் ஆடிப்போகிற பட்டம் அது. ஆனால் கூட்டாளி, கதாசிரியர், தயாரிப்பாளர் என்ற மூன்றும் ஆடாது.

இதில் எனக்கு எப்போதும் மனதில் நிற்பது ஒன்று உண்டு. குரலால் பெயர் வாங்கிய பெண் குரலே இல்லாத சினிமாவுக்குப் போனார். மேடையில் ஒரு பாட்டை நீட்டிப் பாடினால் கைதட்டல் அங்கேயே விழும். ஸ்டுடியோவில் வாய் அசைகிறது, சத்தம் எங்கும் பதிவாவதில்லை, பார்க்கிறவர் திரையில் எழுத்து அட்டையைப் படிப்பார், பக்கத்தில் யாரோ பியானோ வாசிப்பார்கள். தன்னுடைய பெரிய சொத்தை வாசலிலேயே விட்டுவிட்டு உள்ளே போகிற மாதிரி. அப்படியும் போனார் என்றால், அவர் அங்கே தேடியது கைதட்டல் மட்டும் இல்லை.

கம்பெனி நீடிக்கவில்லை. ஒரு வருடம் போல ஓடியது, அப்புறம் மிமி விலகி மேடைக்கே திரும்பினார், ரோசாஸ் தொடர்ந்தார். 1919இல் ரோசாஸ் எடுத்த 'எல் அவுத்தோமோவில் கிரிஸ்' ('சாம்பல் நிறக் கார்') மெக்சிகோ மௌனப்படங்களிலேயே மிகப் பெயர் பெற்றது. 1915இல் ராணுவ உடையில், சோதனை ஆணையோடு வந்து பணக்கார வீடுகளைக் கொள்ளையடித்த ஒரு கும்பலின் உண்மைக் கதை. பன்னிரண்டு அத்தியாயங்கள், கடைசியில் அந்தக் கும்பல் ஆட்கள் சுடப்பட்ட உண்மையான காட்சியையே ரோசாஸ் சேர்த்திருந்தார். அந்தக் கும்பலுக்குப் பின்னால் இருந்ததே கொன்சாலெஸ்தான் என்றும், கொள்ளை நகைகள் திப்லேக்களின் கழுத்துக்குப் போயின என்றும் ஊர் பேசியது. மரியா கொனேசா மேடையில் அணிந்த நகையைச் சொந்தக்காரரே அடையாளம் கண்டார் என்ற கதைகூட உண்டு. எதுவும் நிரூபணமானதில்லை. படம் வந்த அடுத்த வருடமே, 1920இல், ரோசாஸ் இறந்துவிட்டார்.

எழுத்துக்கு வருகிறேன். மிமி கதைப்படம் எழுதியதோடு நிற்கவில்லை. உரைநடை எழுதினார், நாடகங்கள் எழுதினார். 1921இல் 'ரெயலிதாதெஸ்', அதாவது 'நிஜங்கள்', என்ற தலைப்பில் அவருடைய குறும் உரைநடைப் பகுதிகள் புத்தகமாக வந்தன. அவரை எழுத்தாளர் என்று சொல்லும்போது சிலர் ஏதோ மரியாதைக்குப் போடுகிற சொல் என்று நினைக்கிறார்கள், அப்படி இல்லை. அழகுக்காகப் போஸ்ட்கார்டில் படம் போட்டு விற்கப்பட்ட பெண் அவர். திப்லேக்களின் புகைப்பட அட்டைகள் அன்று கடைகளில் விற்கும், ஆண்கள் வாங்கிச் சேர்ப்பார்கள். அந்த முகம் தன் புத்தகத்துக்கு 'நிஜங்கள்' என்று பெயர் வைத்தது. அந்தப் பெயரை நான் முதல் தடவை ஒரு பட்டியலில் பார்த்தபோது கொஞ்ச நேரம் அதைத் தாண்டிப் போக முடியவில்லை. கனவு, நிழல், பூ என்று எத்தனையோ வைத்திருக்கலாம்.

1920கள் முழுக்க மேடை. பிறகு 1931இல் ஒரு முக்கியமான அழைப்பு வருகிறது. ஒலியைப் படச்சுருளிலேயே பதித்து எடுத்த மெக்சிகோவின் முதல் முழுநீளப் பேசும் படம் 'சாந்தா'. ஃபெதெரிக்கோ கம்போவா 1903இல் எழுதிய நாவல், அந்தோனியோ மொரேனோ இயக்கம், லூப்பிதா தோவார் நாயகி, பாட்டு அகுஸ்தின் லாரா, ஒலிப்பதிவுக் கருவி ரொத்ரிகெஸ் சகோதரர்கள் தாங்களே உருவாக்கியது. 1932 மார்ச்சில் வெளியானது. சிமலிஸ்தாக் கிராமத்துப் பெண் சாந்தாவை ஒரு ராணுவக்காரன் ஏமாற்றிவிட்டுப் போகிறான், வீட்டார் அவளைத் துரத்துகிறார்கள், அவள் நகரத்துக்கு வந்து ஒரு விலைமாதர் இல்லத்தில் சேர்கிறாள். அந்த இல்லத்தை நடத்தும் எல்விராதான் மிமி தெர்பா.

இதை நான் இரண்டு முறை பார்த்தேன், இரண்டாவது முறை அவருக்காகவே. ஒலி தொடக்கக் காலத்துப் பதிவு, கரகரவென்று இருக்கும், மற்றவர்கள் மைக்குக்குப் பயந்து பேசுவது போலச் சில இடங்களில் தோன்றும். மிமி பேசும்போது அந்தத் தயக்கம் இல்லை. இருபது வருடமாகக் கடைசி வரிசை வரை கேட்கப் பேசிப் பழகிய தொண்டை. அந்த வீட்டுக்கு அவள்தான் அதிகாரம் என்பதை ஒரு வாக்கியத்தின் அழுத்தத்திலேயே வைத்துவிடுவார். கம்பெனி நடத்தியவருக்கு அந்த வேடம் தெரியாதா என்ன என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன். அவர் நடித்த 1917 படங்களில் இந்தக் குரல் இல்லை, இந்தக் குரல் வந்த படங்களில் அவர் கதை இல்லை. இரண்டும் சேர்ந்த ஒரு படம் வாய்த்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று நினைக்காமல் இருக்க முடியவில்லை.

இங்கே இன்னொரு நடிகையைச் சொல்லியே ஆக வேண்டும். 'சாந்தா'வை 1918இல் மௌனப்படமாக எடுத்தபோது நாயகியாக நடித்தவர் எலேனா சான்செஸ் வாலென்சுவேலா. அவர் பிற்பாடு பத்திரிகையாளராகி, 1940களில் மெக்சிகோவின் முதல் தேசியத் திரைப்படக் காப்பகத்தை உருவாக்கப் பாடுபட்டார். படங்கள் அழிந்துகொண்டிருப்பதை முதலில் உணர்ந்தவர்களில் ஒருவர் ஒரு நடிகை. அந்தக் காலப் படங்கள் எடுக்கப்பட்ட நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பிடிக்கும், பத்திரமாக வைக்காவிட்டால் பிசுபிசுத்துப் பொடியாகும். அப்படித் தப்பித்தவற்றுக்கும் ஆபத்து இருந்தது. 1982 மார்ச் 24இல் மெக்சிகோ நகரத்தில் சினேத்தெக்கா நாசியோனல் என்ற தேசியக் காப்பகமே தீப்பிடித்து ஆயிரக்கணக்கான படங்கள் போயின. மிமியின் ஐந்தில் எது எப்போது எப்படிப் போனதோ, இன்று மிஞ்சியது பத்திரிகைச் செய்திகளும் புகைப்படங்களும் கதைச்சுருக்கங்களும்தான்.

'சாந்தா'வுக்குப் பிறகு இருபது வருடத்துக்கு மேல் அவர் சினிமாவில் துணை வேடங்களில் தொடர்ந்தார். அம்மா, பாட்டி, பெரிய வீட்டு எஜமானி, பள்ளித் தலைமையாசிரியை. 1943இல் எமிலியோ ஃபெர்னாந்தெஸ் எடுத்த 'ஃப்ளோர் சில்வெஸ்த்ரே'யில் பண்ணையார் வீட்டு அம்மா. மகன் ஏழைப் பெண்ணை ரகசியமாகக் கல்யாணம் செய்துகொள்கிறான், அப்பா வீட்டை விட்டு வெளியே போகச் சொல்கிறார், நடுவில் இந்த அம்மா. நாயகி தொலோரெஸ் தெல் ரியோ ஹாலிவுட்டிலிருந்து திரும்பி வந்து நடித்த முதல் மெக்சிகோ படம், கேமரா கப்ரியேல் ஃபிகெரோவா, அதனால் எல்லோர் கண்ணும் அவர்கள் மேல்தான் இருக்கும். 1949இல் 'சலோன் மெஹிக்கோ'வில் தலைமையாசிரியை. ஒரு பெண் நடன விடுதியில் ஆடிச் சம்பாதித்து, தங்கைக்குத் தெரியாமல் அவளைப் பெரிய பள்ளியில் படிக்க வைக்கிறாள், அந்தப் பள்ளியின் தலைவி. பதினேழு வருடம் முன்பு 'சாந்தா'வில் விலைமாதர் இல்லத் தலைவி, இங்கே ஒழுக்கமான பள்ளியின் தலைவி. இரண்டிலும் முதுகு அதே நேராகத்தான் இருக்கும்.

நீங்கள் பார்த்த 'உஸ்தேதெஸ் லோஸ் ரிக்கோஸ்' 1948. இஸ்மாயேல் ரொத்ரிகெஸ் இயக்கம், தச்சர் பெப்பே எல் தோரோவாக பெத்ரோ இன்ஃபாந்தே, மெக்சிகோவில் இன்றும் தொலைக்காட்சியில் போட்டால் உட்கார்ந்து அழுகிற படம். மிமி அதில் தோன்யா சாரித்தோ, பெப்பே மகளாக வளர்க்கும் சச்சித்தாவின் பணக்காரப் பாட்டி. முதலில் பேத்தியை அந்த ஏழைக் குடியிருப்பிலிருந்து கூட்டிப்போக வருகிற அதிகாரம். கடைசியில் அதே குடியிருப்புக்குத் தானே வந்து, கோடிகள் இருக்கின்றன, ஆள் இல்லை, என்னையும் உங்களோடு சேர்த்துக்கொள்ளுங்கள் என்று நிற்கிற கிழவி. அழுது தீர்க்கிற படம்தான், மிகைதான், அது அந்தப் படத்தின் மொழி. அவ்வளவு மிகைக்கு நடுவில் மிமி கையைக்கூட அதிகம் அசைக்காமல் நிற்பார். யாரிடமும் எதையும் கேட்டுப் பழக்கமில்லாத ஒருத்தி முதல் தடவை கேட்கிறாள் என்பது அந்த விறைப்பிலேயே வந்துவிடும்.

அவருக்குப் பிறகு வந்தவர்களையும் தேடுங்கள், ஏனென்றால் மிமி விட்ட இடத்தில் மற்றவர்கள் பிடித்தார்கள். 1928இல் காந்திதா பெல்த்ரான் ரெந்தோன் 'எல் செக்ரெத்தோ தெ லா அபுவேலா' படத்தைத் தானே எழுதி, இயக்கி, நடித்தார். பிறகு வேராக்ருஸில் பிறந்த அதேலா செக்கேரோ. பத்திரிகையில் 'பெர்லித்தா' என்ற புனைபெயரில் எழுதியவர், மௌனப்பட நடிகை. கூட்டுறவுச் சங்கம் அமைத்துப் பணம் திரட்டி 1937இல் 'லா முஹேர் தெ நாதியே'வை, 'யாருக்கும் உரியவளல்ல' என்று சொல்லலாம், எழுதி, இயக்கி, நாயகியாகவும் நடித்தார். வீட்டுக் கொடுமையிலிருந்து ஓடிவரும் ஒரு பெண்ணை மூன்று கலைஞர்கள் தங்கள் வீட்டில் வைத்துக்கொள்கிறார்கள், மூவரும் அவளைக் காதலிக்கிறார்கள், அவள் யாரையும் தேர்ந்தெடுக்காமல் கிளம்பிப் போகிறாள். மிமியின் நாயகி வீட்டைக் காப்பாற்றினாள் என்றால், இருபது வருடம் கழித்து அதேலாவின் நாயகி வீட்டை விட்டுப் போகிறாள். இந்தப் படம் பிழைத்தது, நீங்கள் பார்க்கலாம்! அடுத்த படத்தோடு பணம் தீர்ந்து அதேலாவின் இயக்கமும் நின்றுபோனது, கிட்டத்தட்ட மறக்கப்பட்டு, 1992இல் இறப்பதற்குக் கொஞ்ச வருடம் முன்புதான் ஆய்வாளர்கள் அவரை மறுபடி கண்டுபிடித்தார்கள். மிமிக்கு அந்த வாய்ப்பும் இல்லை. 1953 ஜூலை 14இல் மெக்சிகோ நகரத்தில் இறந்தார். அந்த நாட்டுப் பெண்களுக்குத் தேசியத் தேர்தலில் ஓட்டுரிமை வந்தது அதே வருடம் அக்டோபர் 17இல்.

எதிலிருந்து தொடங்குவது என்று கேட்டீர்களே. பாட்டியை ஏற்கெனவே பார்த்துவிட்டீர்கள், அதனால் பின்னோக்கிப் போங்கள். அடுத்து 'ஃப்ளோர் சில்வெஸ்த்ரே', அதன் பிறகு 'சாந்தா', அதன் பிறகு 'லா முஹேர் தெ நாதியே'. 'சாந்தா'வைப் பார்க்கும்போது முடிந்தால் ஹெட்போன் போட்டுக்கொள்ளுங்கள், இரைச்சல் அதிகம். ஸ்பானிஷ் புரியாவிட்டாலும் பரவாயில்லை, எல்விரா வரும் இடங்களில் சப்டைட்டிலை விட்டுவிட்டு ஒரு தடவை குரலை மட்டும் கேளுங்கள்.